ஒன்று தசம் இருபத்தைந்து

அத்தியாயம் ஒன்பது

நோன்பு காலத்தில் துப்பறிவதைப் போல் கொடுமையான தொழில் வேறில்லை. மற்ற நாளென்றால் போகிற இடமெல்லாம் ஒரு பிளேன்டீ கிடைக்கும். அதை ஊதி ஊதிக் குடிக்கிற சாட்டில் நாலு கேள்வி கேட்டுவிடலாம். இப்போது கேட்கிறவனுக்கும் தொண்டை வறட்சி, பதில் சொல்கிறவனுக்கும் தொண்டை வறட்சி. ஒரு கேள்விக்கு மேல் போனால் இரண்டு பக்கமும் எரிந்து விழுகிறோம்.

பகல் ஒரு மணி. சம்மாந்துறையில் பெரிய வயல்காரர் முகம்மது தம்பி போடியாரின் நெல் மில். அதன் காரியாலய அறையில் காற்றாடி சுற்றவில்லை, கணக்கப்பிள்ளை ஜவுபர் மேசைக்குப் பின்னால் அசையாமல் இருந்தார், ஹஸன் காக்கா மட்டும் கூண்டில் போட்ட கோழி மாதிரி குறுக்கும் நெடுக்கும் நடந்துகொண்டிருந்தார்.

அபுல் ஹஸன் என்கிற இந்த ஹஸன் காக்கா (எங்கள் பக்கத்தில் காக்கா என்றால் அண்ணன்) பொலிஸில் பதினொரு வருஷம் இருந்துவிட்டு, மேலதிகாரியோடு கொழுவிக்கொண்டு விலகி வந்தவர். கல்முனைக் கடைத்தெருவில் மாடியில் ஓர் அறை எடுத்து, ஊரார் வில்லங்கங்களைத் தன் வில்லங்கமாக்கிக் கொண்டிருக்கிறார். நான் பக்கீர் முகைதீன். பதினாறு வருஷம் பஸ்ஸில் டிக்கெட் கிழித்தேன். இப்போது அவருடைய ஹொண்டா மோட்டார் சைக்கிளை ஓட்டுவதும், அவர் யோசிக்கும்போது வாயை மூடிக்கொண்டிருப்பதும் என் வேலை. முதலாவதை நன்றாகவே செய்கிறேன்.

காரியம் இதுதான். செவ்வாய்க்கிழமை காலை, றேடியோவில் ஏழு மணிச் செய்தி தொடங்கிய நேரம், நிந்தவூர் வீதியில் மருதமுனைப் புடவை வியாபாரி காலிதீனை ஏதோ ஒரு வாகனம் சைக்கிளோடு அடித்துப் போட்டுவிட்டு நிற்காமல் போய்விட்டது. மனுசன் ஆஸ்பத்திரியில் இன்னும் கண் திறக்கவில்லை. பிடிபட்டவன் வாடகைக்குக் கார் ஓட்டுகிற கல்முனை ஹயர் கார்க்காரன் சீனிமுகம்மது. அவனுடைய வெள்ளைக் காரின் நம்பரைக் கண்டதாக நிந்தவூர் டியூஷன் மாஸ்டர் ஒருவர் பொலிஸில் சொல்லியிருந்தார். இன்று மூன்று மணிக்கு அவனை நீதவான் முன்னால் நிறுத்தப்போகிறார்கள். அதன் பிறகு அவன் எப்போது வீட்டுக்கு வருவான் என்று அல்லாஹ்வுக்குத்தான் தெரியும்.

அவன் மனைவி முனவ்வறா காலையில் எங்கள் மாடிப்படியில் வந்து குந்திக்கொண்டாள். மேலே வரவுமில்லை, போகவுமில்லை.

"பூனை குறுக்கால போனாலும் காரை நிப்பாட்டிப்போட்டு இறங்கிப் பாக்கிற மனிசன் காக்கா அவர்" என்றாள். "ஒராளை அடிச்சுப்போட்டு ஓடி வந்து எனக்கிட்ட விடியக்கு முந்தித் திண்ட ஸஹர் சோறு நல்லா இருந்திச்சு எண்டு சொல்லுவாரா?"

ஹஸன் காக்கா படியிறங்கிப் போய் ஹொண்டாவில் ஏறினார். அன்று அவர் கோபமாக இருந்தார் என்பது, சட்டையை மாறிப் பொத்தான் போட்டிருந்ததில் தெரிந்தது.

எங்களிடம் இருந்தது ஒரேயொரு தடயம். காலிதீனின் சைக்கிள் கைபிடியில் பச்சைப் பெயின்ற் ஒட்டியிருந்தது. இந்தக் கரையோரத்தில் பச்சை வண்டி மூன்றுதான், மூன்றும் ஜீப். இரண்டு அன்றைக்குக் கராஜில் கிடந்தன. மூன்றாவது இந்த மில்லின் ஜீப். அதுவும் இப்போது இங்கே இல்லை, சாகாமத்தில் போடியாரின் வயல் வாடிக் கொட்டிலில் நிற்கிறது என்றார்கள்.

"சாகாமத்துக்குப் போய் ஜீப்பைப் பாத்தா என்ன காக்கா?" என்று நான் கேட்டேன்.

"இருவத்தஞ்சு மைல். நம்மட ஹொண்டா மணிக்கு இருவத்தஞ்சு மைல் ஓடினா இரண்டு மணிக்குப் போய்ச் சேருவம். திரும்பிக் கல்முனைக்கு வர மூண்டு பத்தாகும். மூண்டு மணிக்கு அவனைக் கொண்டு போயிருப்பாங்க. வேற யோசினை இரிக்கா?"

இல்லை. போடியார் ஏற்கெனவே ஜீப்பின் ரன்னிங் சாட்டை எங்கள் முன்னால் போட்டுவிட்டு, நடுப்பகல் ளுஹர் தொழுத கையோடு படுக்கப் போய்விட்டார். வண்டி என்றைக்கு, எங்கே, எத்தனை மைல், எத்தனை மணிக்குப் புறப்பட்டு எத்தனை மணிக்குச் சேர்ந்தது என்று எழுதிவைக்கிற கொப்பி அது. செவ்வாய்க்கிழமை வரியில், சாகாமம், 25 மைல், புறப்பட்டது 6.10, சேர்ந்தது 7.25 என்று இருந்தது. மில்லிலிருந்து நிந்தவூருக்கு இருபது நிமிஷம். 6.10க்குப் புறப்பட்ட ஜீப் நிந்தவூரை ஆறரைக்கே தாண்டியிருக்கும். ஏழு மணிக்கு அக்கரைப்பற்றுப் பக்கம் போயிருக்கும். காலிதீனை அடிக்க அது திரும்பி வந்திருக்க வேண்டும்.

"உங்கட எழுத்தா இது?" என்று ஹஸன் காக்கா கேட்டார்.

"ஓம் சேர். எல்லாம் என்ட எழுத்துத்தான்" என்றார் ஜவுபர். மேசையைப் பார்த்துத்தான் சொன்னார்.

நான் சும்மா இருக்க மாட்டாமல் கொப்பியைப் புரட்டினேன். பஸ்ஸில் வேலை செய்தவனுக்கு நேர அட்டவணையைக் கண்டால் கை அரிக்கும். இரண்டு பக்கம் புரட்டியதும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"காக்கா, இந்த ஜீப்புக்குப் பேய் பிடிச்சிரிக்கி. அக்கரைப்பற்றுக்கு பதினெட்டு மைல். எட்டு மணிக்கு வெளிக்கிட்டு ஒன்பதரைக்குப் போயிரிக்கி. ஒண்டரை மணித்தியாலம். சாகாமம் அக்கரைப்பற்றையும் தாண்டி இருவத்தஞ்சு மைல். போன கிழமை அங்க போக ஒரு மணி இருவத்தஞ்சு நிமிஷம். கிட்ட இருக்கிற ஊருக்குப் போக கூட நேரம், தூர ஊருக்குப் போக குறைஞ்ச நேரம்."

ஹஸன் காக்காவின் நடை நின்றது. கொப்பியைப் பறித்துப் பார்த்தார். அன்று முதல் தடவையாக அவர் முகத்தில் ரத்தம் ஓடியது.

"பொய்ச் சாட்" என்றார். "ஓடாத வண்டிக்கு எழுதின சாட். ஜவுபர், இதைப் பொலிஸில காட்டினா உங்கட நிலைமை என்ன தெரியுமா?"

ஜவுபர் பயந்துதான் போனார். ஆனால் பயத்தை விட அதிகமாக அவருக்கு மனவருத்தம். கணக்கைக் குறை சொன்னதைத் தாங்கமுடியாத முகம் அது.

"பொய் இல்லை சேர். ட்ரைவர்மாருக்கிட்ட மணிக்கூடு இல்லை. போய்ச் சேர்ந்த நேரத்தைக் கேட்டா வெயில் ஏறிட்டு எண்டு சொல்லுவானுகள். மணிக்கு இருபது மைலுக்கு மேல ஓடப்படாது எண்டு போடியார்ர உத்தரவு. அதால நான் மைலை இருபதால பிரிக்கிற. வாற விடையை வெளிக்கிட்ட நேரத்தோட கூட்டி எழுதுற."

"செய்து காட்டுங்க."

ஒரு துண்டுக் கடதாசியில் பென்சிலை ஓட்டினார். "பதினெட்டை இருபதால பிரிச்சா தசம் தொண்ணூறு. தொண்ணூறு நிமிஷம், ஒண்டரை மணித்தியாலம். இருவத்தஞ்சைப் பிரிச்சா ஒண்டு தசம் இருவத்தஞ்சு. ஒரு மணியும் இருவத்தஞ்சு நிமிஷமும். எங்க சேர் பிழை?"

"ஒரு மணித்தியாலத்துக்கு எத்தனை நிமிஷம்?"

"அறுவது."

"தசம் இருவத்தஞ்சு எண்டா நூறுல இருவத்தஞ்சு பங்கு. கால். அறுவதுல கால் எத்தனை?"

"பதினைஞ்சு" என்றார் ஜவுபர். பிறகு சண்டைக்கு வந்தார். "ஆனா ஏழு இருவத்தஞ்சை ஏழு புள்ளி இருவத்தஞ்சு எண்டுதானே சேர் எழுதுற? இஸ்கூல்லயும் அப்படித்தான், பஸ் ஸ்டாண்ட் போர்ட்லயும் அப்படித்தான். அதே புள்ளிதானே இதுவும்?"

எனக்கு அவர் சொன்னது மிகவும் நியாயமாகப் பட்டது. பதினாறு வருஷம் நானும் அந்தப் புள்ளியை நம்பித்தான் சம்பளம் எடுத்தேன். வாயைத் திறக்காமல் இருந்தது நல்லதாகப் போயிற்று.

ஹஸன் காக்கா கொப்பியை முன்னுக்குப் புரட்டினார். போன கிழமை, போன மாசம், அதற்கு முந்தின மாசம். எல்லா வரியிலும் அதே பிழை. நிந்தவூர், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று, எந்த ஊருக்கும் ஜீப் சேர்ந்த நேரம் சரியாக இல்லை. நாங்கள் கண்டுபிடித்த கள்ளத்தனம், ஒரு அப்பாவி மனுசனின் மூன்று மாதப் பழக்கம். அதைக் கொண்டுபோய் நீதவானிடம் காட்டினால், ஜவுபருக்கு ஐந்தாம் வகுப்பிலிருந்து திரும்பப் படிப்பிக்கச் சொல்வார், அவ்வளவுதான்.

மணி ஒன்று இருபது. ஹஸன் காக்கா கொப்பியை மேசையில் போட்டுவிட்டு வெளியே நடந்தார். படியில் குந்தியிருந்த அந்தப் பெண்ணுக்கு என்ன சொல்வது என்று நினைக்க எனக்கே என் மேல் எரிச்சலாக இருந்தது. நான்தானே பேய் பிடித்த ஜீப் என்று பகிடி விட்டு ஆளுக்கு ஆசை காட்டினேன்.

ஹொண்டாவை மிதித்தேன். அது இரண்டு தரம் இருமியது. மூன்றாம் மிதிக்குள் ஹஸன் காக்கா என் தோளைப் பிடித்தார்.

"பக்கீர், சோதினையில பத்துக் கணக்குல ஒன்பதைப் பிழை விட்டவன் ஒண்டை மட்டும் சரியாச் செய்திருந்தா, வாத்தியார் என்ன நினைப்பார்?"

"பக்கத்து வாங்குக்காரனைப் பாத்து எழுதிட்டான் எண்டு நினைப்பார்."

"வா உள்ள."

ஜவுபர் அதே இடத்தில் இருந்தார். ஹஸன் காக்கா செவ்வாய்க்கிழமை வரியின் மேல் உள்ளங்கையை வைத்து மறைத்துக்கொண்டு, கடதாசித் துண்டை அவர் பக்கம் தள்ளினார்.

"இன்னொரு கணக்கு. ஜீப் ஆறு பத்துக்கு வெளிக்கிடுது. சாகாமம் இருவத்தஞ்சு மைல். நீங்க எழுதுற மாதிரியே எழுதுங்க. எத்தனை மணிக்குச் சேரும்?"

பென்சில் ஓடியது. ஒன்று தசம் இருபத்தைந்து. ஆறு பத்தோடு கூட்டினார். 7.35 என்று எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டார்.

ஹஸன் காக்கா கையை எடுத்தார். கொப்பியில் 7.25 என்று இருந்தது.

ஜவுபர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். நான் அவருடைய கழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வேர்வை ஒரு துளி காதடியிலிருந்து இறங்கி சட்டைக்குள் போயிற்று.

"மூண்டு மாசமா ஒரே பிழையை விட்ட ஆள்" என்றார் ஹஸன் காக்கா, மெதுவாக. "அந்த ஒரு நாள் மட்டும் எப்படிச் சரியா எழுதினீங்க?"

"நான் எழுதல்ல சேர்." குரல் உடைந்தது. "அன்டைக்குப் புள்ளைக்குக் காய்ச்சல், நான் வேலைக்கே வரல்ல. புதன்கிழமை வந்து பாத்தா எழுதி இருந்திச்சு. இலக்கம் என்ட இலக்கம் மாதிரியே இருந்திச்சு. ஆரும் கேட்டா நீதான் எழுதின எண்டு சொல்லு எண்டு போடியார் சொன்னார். எனக்கு நாலு புள்ளை சேர்."

"போடியாரே எழுதியிருப்பாரா?"

"அவருக்கு மூட்டைக் கணக்கு வாயில வரும். தசம் எண்டா என்னெண்டு தெரியா."

"அப்ப இந்த மில்லுக்குள்ள வந்து போறவங்கள்ல தசம் தெரிஞ்ச ஆள் ஆரு?"

ஜவுபர் கதவைப் பார்த்தார். பிறகு சொன்னார். "பெருநாள் கழிச்சு போடியார்ர மகளுக்குக் கலியாணக் காவின். மாப்பிள்ளை ஜீப் ஓட்டப் பழகுறார். கணக்கு மாஸ்டர்தான். நிந்தவூர் றாசிக் மாஸ்டர்."

நானும் ஹஸன் காக்காவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். சீனிமுகம்மதுவின் கார் நம்பரைப் பொலிஸில் சொன்ன டியூஷன் மாஸ்டரின் பெயரும் அதுதான்.

"சாட்சி பாதி உண்மையைச் சொல்லியிரிக்கார் பக்கீர்" என்றார் அவர், கொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு. "ஏழு மணிக்கு நிந்தவூர்ல நிண்டதாச் சொன்னாரே. நிண்டதுதான்."

"கொப்பி எங்க எண்டு போடியார் கேட்டா?" என்று ஜவுபர் பின்னால் ஓடி வந்தார்.

"கணக்குத் திருத்தக் கொண்டு போயிட்டாங்க எண்டு சொல்லுங்க" என்றேன் நான்.

மில்லிலிருந்து மாஸ்டரின் டியூஷன் கொட்டிலுக்கு ஆறரை மைல். மணிக்கு இருபத்தாறு மைல் பிடித்தேன். இருபத்தாறால் பிரித்தால் தசம் இருபத்தைந்து. கால் மணித்தியாலம், இருபத்தைந்து நிமிஷம் இல்லை. இனி என் ஆயுளுக்கும் மறக்காது. வழியில் நெல் ஏற்றிய ட்ராக்டர் ஒன்று பாதையை அடைத்துக்கொண்டு போயிற்று. நான் ஹோர்னில் வைத்த கையை எடுக்கவில்லை. நோன்பாளி வாயால் ஏசக்கூடாது, ஹோர்னுக்கு அந்தச் சட்டம் இல்லை.

ஒன்று ஐம்பதுக்குப் போய் இறங்கினோம். கிடுகால் மறைத்த கொட்டில், இருபது பிள்ளைகள், ஒரு கரும்பலகை. றாசிக் மாஸ்டருக்கு இருபத்தெட்டு வயதிருக்கும். மெலிந்த ஆள், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, பையில் சிவப்புப் பேனை. கண்ணைப் பார்த்தால் மூன்று நாள் நித்திரை இல்லாதவர் என்று தெரிந்தது. எங்களைக் கண்டதும் எழும்பி ஓடவில்லை. அது எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான், ஓடினால் பிடிக்க லேசு.

ஹஸன் காக்கா ஒன்றும் விசாரிக்கவில்லை. ஜவுபர் எழுதிய கடதாசித் துண்டை நீட்டினார்.

"மாஸ்டர், உங்கட பாடத்தைக் குழப்புறதுக்கு மன்னிக்கோணும். ஒராள் செய்த கணக்கு இது. இருவத்தஞ்சு மைல், மணிக்கு இருபது மைல், ஆறு பத்துக்கு வெளிக்கிடுறது. விடை சரியா எண்டு ஒருக்காப் பாத்துத் தாங்க."

மாஸ்டர் வாங்கிப் பார்த்தார். யோசிக்கவே இல்லை. சிவப்புப் பேனை தானாகவே கைக்கு வந்தது. 7.35ஐ ஒரே கோட்டில் வெட்டினார், பக்கத்தில் 0.25 மணி = 15 நிமிடம் என்று எழுதினார், அதற்குக் கீழே 7.25 என்று போட்டார்.

"எல்லாருக்கும் வாற பிழைதான்" என்றார். "நேரத்துல இருக்கிற புள்ளியைத் தசம் எண்டு நினைக்கிற. இந்தப் புள்ளைகளுக்கும் ஒவ்வொரு நாளும் வெட்டி வெட்டிக் கை ஓய்ஞ்சு போச்சு."

ஹஸன் காக்கா ரன்னிங் சாட்டை விரித்து, அந்தத் துண்டின் பக்கத்தில் வைத்தார். செவ்வாய்க்கிழமை வரி.

"மில் கணக்கப்பிள்ளை மூண்டு மாசமா விடுற பிழை அது, மாஸ்டர். அவர்ர கையெழுத்தை நீங்க நல்லாத்தான் பாத்து எழுதியிரிக்கீங்க. அவர்ர பிழையைப் பாத்து எழுத உங்களுக்குக் கை வரல்ல. படிச்ச படிப்பு விடல்ல."

பின்வாங்கில் ஒரு பிள்ளை இருமியது. மாஸ்டர் பேனையின் மூடியைத் தேடினார். அது அவர் கையிலேயே இருந்தது. பிள்ளைகளைப் பார்த்து, "மற்றதுகளை வீட்டில செய்துகொண்டு வாங்க" என்றார். அவர்கள் சந்தோஷமாக ஓடிப்போனார்கள். கொட்டில் காலியானதும் அவர் வாங்கில் இருந்துவிட்டார்.

"ஆறு நாப்பதுக்குத்தான் வெளிக்கிட்டன்" என்றார். "நிந்தவூருக்கு இருபது நிமிஷம். நீங்க கணக்குப் பாத்திருப்பீங்க."

"நிப்பாட்டியிருக்கலாமே?" இதைக் கேட்டது நான். எனக்குக் கோபத்தை அடக்க முடியவில்லை.

"பிரேக்கிலதான் காலை வெச்சன். அது பிரேக் இல்லை. அதுக்குப் பிறகு அக்கரைப்பற்று வரைக்கும் எனக்கு ஒண்டும் கேக்கல்ல. ஜீப்பைச் சாகாமத்து வாடியில விட்டுட்டு பஸ்ஸில திரும்பி வந்தன். அந்த மனிசன் உயிரோட இரிக்காரா, ஹயாத்தா மவுத்தா எண்டு பாக்கத்தான் வந்தன். கூட்டத்துல நிக்கக்குள்ள பொலிஸ்காரன் கேட்டான், ஏதும் கண்டீங்களா எண்டு." அவர் நிறுத்தி, எங்களைப் பார்த்தார். "காலிதீன் கண் முழிச்சிட்டாரா?"

"இன்னும் இல்லை" என்றார் ஹஸன் காக்கா. "ஆனா சீனிமுகம்மதுக்கு மூண்டு மணி வரைக்கும்தான் நேரம் இரிக்கி. உங்களைக் கட்டி இழுத்துக்கொண்டு போக எனக்கு அதிகாரம் இல்லை, மாஸ்டர். இந்த வரியை வெச்சு நான் பொலிஸுக்கு விளங்கப்படுத்தக்குள்ள நாலு மணி ஆகிரும். நீங்க சொன்னா ஒரு நிமிஷம்."

நான் மணிக்கூட்டைப் பார்த்தேன், பார்க்காமல் இருக்க முயன்றேன், திரும்பப் பார்த்தேன். போடியாரின் மகள், பெருநாள் கழித்துக் காவின், வேலை, மானம் எல்லாவற்றையும் அந்த மனுசன் மனதுக்குள் ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டிருக்கிறார் என்று எனக்குத் தெரிந்தது. இரண்டு இருபதுக்கு எழும்பினார்.

"போவம்" என்றார்.

ஹொண்டாவில் மூன்று பேர். நடுவில் மாஸ்டர். காரைதீவு, மாளிகைக்காடு, சாய்ந்தமருது என்று ஊர்கள் பின்னால் போயின. அவர் வழியில் இறங்கி ஓடிவிடுவாரோ என்று ஒவ்வொரு வளைவிலும் எனக்கு முதுகு கூசியது. அவர் என் சட்டையைப் பிடித்த பிடி தளரவில்லை.

இரண்டு நாற்பதுக்குப் பொலிஸ் ஸ்டேஷன் விறாந்தையில் ஏறினோம். சீனிமுகம்மது வாங்கில் இருந்தான். நீதிமன்றத்துக்குப் போவதற்காக முனவ்வறா கொண்டுவந்த சலவைச் சட்டையைப் போட்டிருந்தான். அவள் தூணோடு நின்றாள். சாட்சி யார் என்று அவர்கள் இரண்டு பேருக்கும் பொலிஸார் சொல்லியிருக்கவில்லை. மாஸ்டரைக் கண்டதும் சீனிமுகம்மதுவின் முகம் மலர்ந்தது.

"மாஸ்டர், என்னைப் பாக்கவா வந்த நீங்க?"

மாஸ்டர் சார்ஜன்ட் இருந்த மேசைக்குப் போகவில்லை. அவன் முன்னாலேயே நின்றுவிட்டார்.

"உங்கட காரை நான் அங்க காணல்ல. நம்பர் சொன்னது நான்தான். அடிச்சதும் நான்தான்."

சார்ஜன்ட் எழும்பினார். முனவ்வறா வாயைப் பொத்திக்கொண்டாள். சீனிமுகம்மதுவுக்கு விளங்கச் சிறிது நேரம் எடுத்தது. அவன் கோபப்படுவான் என்று நான் நினைத்தேன், அடித்தாலும் தடுப்பதில்லை என்று தீர்மானித்திருந்தேன்.

"ஆயிரம் கார் ஓடுற ரோட்டு மாஸ்டர்" என்றான் அவன். "ஏன் என்ட நம்பரைச் சொன்னீங்க?"

"நம்பர் என்ன எண்டு பொலிஸ்காரன் திடீரெண்டு கேட்டான். எனக்குப் பாடமா இருந்தது அந்த ஒரு நம்பர்தான்" என்றார் மாஸ்டர். "நான் படிச்ச பள்ளிக்கூட நாள்ல, என்னை ஏத்த வரும் எண்டு காலையில நான் பாத்து நிக்கிற கார் நம்பர்."

சீனிமுகம்மது தன் சலவைச் சட்டையின் கைமடிப்பைப் பார்த்தபடி தலையை ஆட்டினான்.

"ஓம்" என்றான். "மழை நாள்ல வீட்டு வாசலுக்கே வந்து உங்களை ஏத்தினனே."